பக்கம் மாறிய பதினான்கு வீடுகள்

சலவைக்காரம்மா படக்கூடத்துக்குள் வந்தபோது படக்காரர் கறுப்புத் துணிக்குள் இருந்தார். வெளியே தெரிந்தவை அவருடைய இரண்டு கால்களும் காமிராவின் மூன்று கால்களும்தான். எதைப் பார்த்துப் பேசுவது என்று ஒரு நிமிடம் தடுமாறியவள், இடுப்பிலிருந்த மூட்டையை இறக்காமலே பொதுவாகச் சொன்னாள்.

"ஐயா, உங்க படம் என் வீட்டைத் தூக்கி எதிர்ப்பக்கம் வச்சிடுச்சு."

"அசையாதீங்க" என்றது துணி.

எதிரே இருந்தது வெறும் நாற்காலி. புதிதாக வந்த லென்ஸைச் சோதித்துக்கொண்டிருந்தார், பழக்கத்தில் வாய் அப்படிச் சொல்லிவிட்டது. அவர் வெளியே வந்து, கலைந்த தலைமுடியைக் கையால் அமுக்கியபடி, "என்னம்மா சொன்னீங்க?" என்று கேட்டார். அவள் சொன்னதையே திரும்பச் சொன்னாள். இரண்டாவது தடவை கேட்டபோதும் அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை.

படக்காரரை அந்த நகரத்தில் தெரியாதவர்கள் குறைவு. இரண்டு வருடமாக அவர் பெரிய மனிதர்களை நாற்காலியில் உட்காரவைத்து எடுப்பதைக் குறைத்துக்கொண்டு தெருத்தெருவாகப் போய்க்கொண்டிருந்தார். நகர அலுவலகம் பழைய சந்துகளை இடித்து அகலமான சாலைகள் போட்டுக்கொண்டிருந்தது. இடிப்பதற்கு முன் ஒவ்வொரு சந்தையும் ஒரு படம் எடுத்துக் கொடுக்கும் வேலை அவருடையது. அந்தக் காலத்தில் அப்படிப்பட்ட வேலைக்குப் பெயர்கூடக் கிடையாது. சாக்கடையையும் கொடியில் தொங்கும் துணியையும் உடைந்த படிக்கட்டையும் யாராவது படம் எடுப்பார்களா என்று கேலி செய்தவர்கள் உண்டு. அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. படம் பதியும் கண்ணாடித் தகடுகள் அடுக்கிய பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு, விடிந்ததும் விடியாததுமாகக் கிளம்பிவிடுவார். மனிதர்கள் அவரவருக்குத் தோன்றியபடி பேசுவார்கள், ஆனால் தகட்டுக்கு வேண்டியவன் வேண்டாதவன் கிடையாது என்பது அவருடைய பெருமை. அதைக் கேட்டுக் கேட்டு அவர் மனைவிக்குக் காது புளித்துப்போயிருந்தது.

"உட்காருங்கம்மா. எந்தத் தெரு? எந்த வீடு? ஆரம்பத்துல இருந்து சொல்லுங்க."

அவள் சொன்னாள். மணிக்கூண்டுச் சந்தில் முப்பது வருடம் இருந்தவள் அவள். சந்தில் மொத்தம் பதினான்கு வீடுகள், பக்கத்துக்கு ஏழு. எட்டு மாதத்துக்கு முன் சந்தும் போயிற்று, அதன் கோடியில் நின்ற மணிக்கூண்டும் போயிற்று. இப்போது அதே இடத்தில் வண்டி இரண்டு எதிரெதிரே போகிற அளவுக்குச் சாலை. சாலையின் இருபுறமும் ஏழு ஏழு புது வீடுகள் கட்டி, பழைய ஆட்களுக்கே கொடுத்திருந்தார்கள். முன்பு எந்தப் பக்கம் இருந்தார்களோ அதே பக்கம், அதே வரிசை என்று அலுவலகம் வாக்குக் கொடுத்திருந்தது. வாக்கை மீறவும் இல்லை. ஆளாளுக்கு அதிகாரி தம் அறைக்குக் கூப்பிட்டு, படக்காரர் எடுத்த படத்தைக் காட்டி, "இதுல உங்க வீடு எது?" என்று கேட்டு எழுதிக்கொண்டார்.

"நானும் விரலை வச்சுக் காட்டினேன் ஐயா. நீலக் கதவு, மேல கம்பி போன ஜன்னல். என் வீடுதான் அது, சந்தேகமே இல்ல. அவர் 'இடது பக்கம் மூணாவது'ன்னு எழுதிக்கிட்டார். நானும் தலையாட்டிட்டு வந்துட்டேன்."

"அப்புறம் என்ன?"

"அப்புறம்தான் வினை. குடி போய் ஏழாம் நாள், மூட்டையோட வந்தவ நேரா எதிர்வீட்டுக்குள்ள நுழைஞ்சு சமையலறை வரைக்கும் போயிட்டேன். புத்தக பைண்டர் அண்ணன் வீடு. அவர் பொண்டாட்டி கரண்டியோட நிக்கிறா, நான் மூட்டையோட நிக்கிறேன். சிரிச்சுட்டு வந்துட்டேன். மறுநாளும் அதே கதை. அதுக்கு அடுத்த வாரம் ரெண்டு தடவை. என் மருமக இப்ப ஊரெல்லாம் சொல்லிட்டு இருக்கா, அத்தைக்கு மறதி வந்துடுச்சு, வீடு தெரியலன்னு. வாடிக்கைக்காரங்க துணிக் கணக்கை என்கிட்ட சொல்றதில்ல, அவகிட்ட சொல்றாங்க. இன்னிக்கு இந்த மூட்டையைக்கூடக் கொடுக்க மாட்டேன்னு பிடிச்சு இழுத்தா. பிடுங்கிட்டு வந்துட்டேன்."

அவள் குரல் அங்கே உடைந்தது. ஆனால் கண்ணைத் துடைத்துக்கொள்ள இடுப்பு மூட்டையை விட வேண்டும், அதனால் துடைக்கவில்லை.

"எனக்கு மறதி இல்ல ஐயா. என் வீடு வலது பக்கம். மணிக்கூண்டைப் பார்த்து நடந்தா வலது. புதுச் சாலையில இடது பக்கம் பூரா, பக்கத்துல கட்டின நாலு மாடிச் சரக்குக் கிட்டங்கியோட நிழல். துணி காயவே மாட்டேங்குது, ஈர வாடை அடிக்குது. நிழலுக்காகச் சொல்றேன்னு நினைக்காதீங்க. நிழல்னா நிழல்னு இருந்துடுவேன். எனக்கு என் தலை சரியா இருக்கான்னு தெரியணும்."

படக்காரர் இரக்கத்தோடுதான் சிரித்தார். அலமாரியைத் திறந்து மணிக்கூண்டுச் சந்தின் படத்தை எடுத்து அவள் முன் வைத்தார். ஏழு வீடும் ஏழு வீடும் எதிரெதிராக நிற்க, கோடியில் மணிக்கூண்டு. இடது பக்கம் மூன்றாவதாக, கம்பி போன ஜன்னலுக்குக் கீழே அவளுடைய கதவு.

"பாருங்கம்மா. நானா வரைஞ்சேன்? வெளிச்சம் போட்டது. அது பொய் சொல்லுமா?"

அவள் பார்த்தாள். நெடுநேரம் பார்த்தாள். பார்க்கப் பார்க்க அவள் முகத்திலிருந்த உறுதி கரைந்துகொண்டே போயிற்று.

"ஆமா, இடதுதான் இருக்கு" என்றாள் மெதுவாக. "அப்போ நான் முப்பது வருஷமா எங்க போய்ட்டு வந்தேன்?"

அந்தக் கேள்விதான் படக்காரரை அசைத்தது. அவளுக்குத் தைரியம் சொல்லலாம் என்று, தாம் அந்தச் சந்தில் நின்ற காலையை நினைத்துப் பார்த்தார். காமிராவை எங்கே நிறுத்தினார், யார் எட்டிப் பார்த்தார்கள், நீலக் கதவு எந்தக் கைப் பக்கம் இருந்தது என்று கண்ணை மூடி யோசித்தார். சந்து வந்தது. வந்த சந்தில் நிறமே இல்லை. கதவு நீலமாக இல்லாமல் சாம்பலாக இருந்தது. மணிக்கூண்டின் மேல் மூலையில், படத்தில் இருக்கும் அதே சிறு கீறல்கூட இருந்தது. அவருக்குத் திக்கென்றது. தெருவை நினைப்பதாக எண்ணிக்கொண்டு அவர் படத்தையே நினைத்துக்கொண்டிருந்தார். படத்துக்கு முன்னால் அந்தச் சந்து எப்படி இருந்தது என்பது தலைக்குள் எங்குமே இல்லை.

"இப்படி வாங்க" என்று அவளைப் பின்கட்டு முற்றத்துக்குக் கூட்டிப் போனார். சுண்ணாம்புக் கட்டியால் தரையில் இரண்டு நீளக் கோடுகள் போட்டு, பக்கத்துக்கு ஏழு குறுக்குக் கோடு இழுத்தார். கோடியில் ஒரு வாளியைக் கவிழ்த்து, "இதுதான் மணிக்கூண்டு" என்றார். "கண்ணை மூடிக்கிட்டு, துவைக்கிற துறையில இருந்து வீட்டுக்குப் போற மாதிரி நடங்க. யோசிக்காதீங்க."

அவள் மூட்டையை இடது இடுப்பில் ஏற்றி, கண்ணை மூடிக்கொண்டு நடந்தாள். நடை தன் பாட்டுக்கு ஒரே சீராக இருந்தது. மூன்றாவது கோட்டுக்கு வந்ததும் உடம்பு தானாகத் திரும்பியது. மூட்டை இல்லாத வலது கை நீண்டு இல்லாத கதவொன்றைத் தள்ளியது, தலை கொஞ்சம் குனிந்தது, நிலைப்படி தாழ்வாக இருந்திருக்க வேண்டும். கண்ணைத் திறந்தபோது அவள் வலது பக்கம் நின்றாள்.

"இன்னொரு தடவை" என்றார். இன்னொரு தடவையும் வலது. மூன்றாவது தடவை படத்தைக் காட்டிவிட்டு நடக்கச் சொன்னார். அவள் மூன்றாவது கோட்டில் நின்று, இந்தப் பக்கம் பாதி திரும்பி, அந்தப் பக்கம் பாதி திரும்பி, கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டது போல விழித்தாள். பிறகு தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

சமையலறை வாசலில் நின்று இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தார் படக்காரரின் மனைவி. படம் கழுவுவதும் அச்சிடுவதும் தகடுகளை இருட்டறையில் பெட்டிக்குள் ஏற்றுவதும் அவர் பொறுப்பு. வெளிச்சத்தில் கணவர் செய்வதைப் பற்றி ஆயிரம் குறை சொல்வார், இருட்டில் தம் கையை யாரும் குறை சொல்ல விடமாட்டார். அவர் ஒரு சொம்புத் தண்ணீரைச் சலவைக்காரம்மாவிடம் கொடுத்துவிட்டு, "என்னங்க, அந்தத் தகட்டை எடுங்க" என்றார்.

"தகட்டுல என்ன இருக்கப் போகுது? அதே படம்தானே?"

"எடுங்கன்னா எடுங்களேன்."

தகட்டை ஜன்னல் வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தார் மனைவி. அதே வாரத்தில் எடுத்த வேறு சந்துகளின் தகடுகளையும் ஒவ்வொன்றாகப் பிடித்துப் பார்த்தார். முகம் மாறியது.

"ஓரத்தைப் பாருங்க. பெட்டியோட விளிம்பு மறைச்ச இடம். மத்ததுல எல்லாம் கத்தியால கீறின மாதிரி நேர்க்கோடு. இதுல மட்டும் கோடு ஏன் மங்கலா இருக்கு?"

படக்காரர் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். "அன்னிக்குப் பனி."

"பனி சந்துலதானே இருக்கும்? பெட்டிக்குள்ளயுமா பனி பெஞ்சது?"

அவருக்கு விஷயம் புரிந்துவிட்டது. கண்ணாடித் தகட்டின் ஒரு பக்கம்தான் மருந்து பூசியிருக்கும். அந்தப் பக்கம் லென்ஸைப் பார்த்து இருக்க வேண்டும். தகட்டைத் திருப்பிப் போட்டுவிட்டால் வெளிச்சம் கண்ணாடியின் முதுகு வழியாக நுழைந்து மருந்தில் விழும். படம் விழத்தான் விழும், கொஞ்சம் கூர்மை குறையும், விளிம்புகள் மங்கும். அதைவிடப் பெரிய காரியம், அச்சிடும்போது இடது வலதாகிவிடும், வலது இடதாகிவிடும். கடைப் பலகையில் நாலு எழுத்து இருந்தால் அன்றே கண்டுபிடித்திருக்கலாம். மணிக்கூண்டுச் சந்தில் எழுத்தே கிடையாது. எல்லோருக்கும் எல்லோரையும் தெரிந்த இடத்தில் பலகை எதற்கு என்று விட்டிருந்தார்கள்.

"நீ திருப்பிப் போட்டுட்டியா?" என்று கேட்டார்.

கேட்டிருக்கக் கூடாது.

"நானா? இருட்டுல தகட்டு மூலையை உதட்டுல வச்சுப் பார்த்து, ஒட்டுற மருந்துப் பக்கம் எதுன்னு தெரிஞ்சுக்கிட்டுதான் நான் போடுவேன். அந்த வாரம் நான் எங்க இருந்தேன்? என் தங்கச்சி பிரசவத்துக்குப் போயிருந்தேன். 'நீ போய்ட்டு வா, நாலு தகடு ஏத்துறது ஒரு பெரிய வித்தையா'ன்னு சொல்லி அனுப்பினது யாரு?"

படக்காரர் சுவரைப் பார்த்தார். சொன்னது அவர்தான். அதுவும் இதே குரலில் சொல்லவில்லை, கொஞ்சம் இளக்காரமாகவே சொல்லியிருந்தார்.

மனைவி இருட்டறைக்குள் போய், தகட்டை மறுபக்கமாகத் திருப்பி வைத்து ஒரு படம் அச்சிட்டு எடுத்து வந்தார். ஈரம் காயாத தாளில் நீலக் கதவு வலது பக்கம் இருந்தது. சலவைக்காரம்மா அதைப் பார்த்தாள். மூட்டையை இறக்கி வைத்தாள். அன்று முதல் தடவையாக அதை இறக்கி வைத்தாள். படக்காரர் எட்டிப் பார்த்தார். இதுதான் சரியான சந்து என்று அவருடைய அறிவு சொல்லிற்று. ஆனால் கண்ணுக்கு அது இன்னொரு ஊரில் இன்னொருவர் எடுத்த படம் போலத்தான் இருந்தது. எவ்வளவு பார்த்தும் பழைய படமே சரி என்று மனம் அடம் பிடித்தது.

மறுநாள் காலை இரண்டு படங்களையும் எடுத்துக்கொண்டு நகர அலுவலகத்துக்குப் போனார். அதிகாரி கெட்டவர் அல்ல. நெற்றியில் கண்ணாடியை ஏற்றிவைத்துவிட்டு மேஜை முழுக்க அதைத் தேடுகிற ரகம். இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"எது சரி?"

"இதுங்க. பழசு திரும்பிடுச்சு. என் தப்பு."

"போன தடவை இதே இடத்துல நின்னு என்ன சொன்னீங்க?"

படக்காரர் தலை குனிந்தார்.

"தகடு பொய் சொல்லாதுன்னு சொன்னீங்க. நான் கேட்கலை, நீங்களா சொன்னீங்க. எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கன்னேன், சந்தோஷமாப் போட்டுக் கொடுத்தீங்க. அதை நம்பித்தான் வீடே கொடுத்திருக்கு. இப்ப இது சரின்னா, நாளைக்கு ஒரு படத்தைக் கொண்டு வந்து மணிக்கூண்டு தலைகீழா நின்னுச்சுன்னு சொல்ல மாட்டீங்கன்னு என்ன நிச்சயம்?"

"என் மனைவிகிட்ட ஆதாரம் இருக்குங்க. தகட்டோட ஓரத்துல..."

"எனக்கு ஓரம் புரியாது ஐயா. எனக்குப் படம்தான் புரியும். இப்ப அதுவும் புரியல." அதிகாரி புதுப் படத்தை ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்தார், முன்னால் பார்த்தார், தாளின் பின்னால் வெளிச்சம் விழவிட்டுப் பார்த்தார். "அந்தச் சந்துக்கு அளவெடுக்க நானே ஏழெட்டுத் தடவை போயிருக்கேன். நீலக் கதவு எந்தப் பக்கம்? எனக்கு இடதுன்னுதான் ஞாபகம் வருது. ஆனா இந்தப் படம் எட்டு மாசமா என் எதிர்ச் சுவத்துல மாட்டியிருக்கு. அதனால வருதா, அங்க போனதனால வருதா?"

படக்காரர் திரும்பி அந்தச் சுவரைப் பார்த்தார்.

கடைசியில் அதிகாரி குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னார்: "பதினாலு பேர் கைரேகை வச்ச ஏடு. அதுல ஒரு எழுத்தை மாத்தினாலும் மேல இருந்து கேள்வி வரும். அடுத்த மாசம் திறப்பு விழா வேற. குடியிருக்கிறவங்க தங்களுக்குள்ள பேசி மாத்திக்கிட்டா, நான் வீடு வீடா வந்து பார்க்கப் போறதில்ல. ஏட்டுல கை வைக்க மாட்டேன். போய்ட்டு வாங்க."

படக்காரருக்கு வீட்டுக்குப் போக மனம் வரவில்லை. நேரே புதுச் சாலைக்குப் போனார். சலவைக்காரம்மா வாசலில் ஈரத் துணிகளைக் கையால் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தாள். நடந்ததைச் சொன்னார். "வாங்க, பைண்டர்கிட்ட கேட்டுப் பார்ப்போம்" என்று கூப்பிட்டார்.

"வெயில் பக்கம் கிடைச்சவர் எதுக்கு விடப் போறார்?" என்றாள் அவள். ஆனாலும் வந்தாள்.

பைண்டரின் முன்னறையில் புத்தக அட்டைகள் அடுக்கடுக்காகக் கிடந்தன. ஒன்றுகூடச் சமமாக இல்லை, எல்லாம் வெயிலில் காய்ந்த இலை மாதிரி வளைந்திருந்தன. பசைச் சட்டியின் மேல் ஆடை கட்டியிருந்தது. ஒல்லியான மனிதர், வளைந்த அட்டை ஒன்றை முழங்காலில் வைத்து நிமிர்த்திக்கொண்டிருந்தார். படக்காரர் சந்தைப் பற்றியும் தகட்டைப் பற்றியும் சொல்லச் சொல்ல அவருடைய கை நின்றது.

"இருங்க. இன்னொரு தடவை சொல்லுங்க. என் வீடு இடது பக்கமா?"

"ஆமாங்க. படம்தான் திரும்பிடுச்சு."

பைண்டர் எழுந்து கதவைச் சாத்தினார். மனைவி உள்ளே இருக்கிறாளா என்று எட்டிப் பார்த்துவிட்டு, ரகசியம் சொல்வது போலச் சொன்னார்.

"எனக்குப் புத்தி கெட்டுப் போச்சுன்னு நினைச்சிட்டேன் ஐயா. எங்க அப்பாவுக்கு அப்படித்தான் ஆச்சு. கடைசியில எங்களையே யாருன்னு கேட்டார். குடி வந்த முதல் நாளே எனக்கு இது வேற பக்கம்னு தோணிச்சு. சொன்னா வீட்டுல பயந்துடுவாங்க. படத்துல நானே விரல் வச்சுக் காட்டியிருக்கேன், எந்த மூஞ்சியை வச்சுக்கிட்டுச் சொல்றது? தினம் காலையில யாரும் எழுந்திருக்கிறதுக்கு முன்னாடி சாலைக்குப் போய், பழைய வாசல் கல்லு ஏதாவது தெரியுதான்னு காலால தடவிப் பார்ப்பேன். ஜல்லிதான் தெரியும்." அவர் சலவைக்காரம்மாவைப் பார்த்தார். "தங்கச்சி, நீ மூட்டையோட உள்ள வந்தப்ப எல்லாரும் சிரிச்சாங்க. நான் மட்டும் சிரிக்கல, கவனிச்சியா? எனக்கு அன்னிக்கு அழுகையே வந்துடுச்சு. நமக்குத் துணைக்கு ஒரு ஆள் இருக்குன்னு."

"அதை அன்னிக்கே சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதா அண்ணே? ஒரு மாசமா என் மருமக என்னை உள்ள வச்சுப் பூட்டாத குறை!" என்று அவள் கத்தினாள். கத்திவிட்டு, சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்து திணறினாள்.

அன்றே மாற்றிக்கொள்வது என்று முடிவாயிற்று. கதவைத் திறந்தால் வெளியே கூட்டம். அந்த மாதிரிச் செய்திக்குக் கால் முளைக்க அரை மணி நேரம் போதும். படக்காரர் இரண்டு படங்களையும் சாலை நடுவே ஒரு தள்ளுவண்டியின் மேல் வைத்து, எல்லோருக்கும் கேட்கும்படி, தம்முடைய தவறு என்று சொன்னார். நிம்மதி வரும் என்று எதிர்பார்த்தார். சண்டைதான் வந்தது.

"அதெல்லாம் இல்ல" என்றார் தையல்காரர். "பழைய படம்தான் சரி. நான் பொறந்ததே இடது பக்க வீட்டுலதான்."

அவருடைய அண்ணன் பக்கத்திலேயே நின்றார். "வலது பக்கம்டா. மருத்துவச்சியைக் கூட்டிட்டு வர ஓடினதே நான்தான்."

"ஓடினவனுக்கு ஞாபகம் இருக்குமா, பொறந்தவனுக்கு ஞாபகம் இருக்குமா?"

கூட்டம் சிரித்தது. குடை ரிப்பேர்காரர் குனிந்து படங்களில் மணிக்கூண்டைத் தேடினார். அந்தக் கடிகாரம் பல வருடமாக ஓடாதது, அதில் எண்களும் கிடையாது, வெறும் கோடுகள்தான். பழைய படத்தில் அது மூன்று மணிக்குப் பத்து நிமிடம் இருப்பதாகக் காட்டியது. புதுப் படத்தில் ஒன்பது பத்து.

"இதோ, கேள்வி முடிஞ்சது. அது எத்தனை மணியில நின்னு போச்சுன்னு யாருக்காவது தெரியும்ல?" என்று உற்சாகமாகக் கேட்டார்.

அதற்குக் கீழேயே வாழ்ந்தவர்கள் அத்தனை பேர். ஒன்பது பத்து என்றார்கள் ஐந்து பேர். மூன்றுக்குப் பத்து நிமிடம் என்றார்கள் ஆறு பேர். ஒரு கிழவர், அது ஓடிக்கொண்டுதான் இருந்தது என்று சத்தியம் செய்தார். அவர்கள் யாரும் பொய் சொல்லவில்லை என்பது முகத்திலேயே தெரிந்தது. புது வீடு கிடைக்கும் வரை ஏழு மாதம் கூரைக் கொட்டகைகளில் சிதறிக் கிடந்துவிட்டு, அலுவலகத்தில் ஆளாளுக்கு ஒரு தடவை அந்தப் படத்தைப் பார்த்து, அதில் தம் கதவைக் கண்டு கண் கலங்கி நின்றவர்கள். அந்த ஒரு தடவையே பலருக்குப் போதுமாக இருந்திருக்கிறது.

"ஐயா, நீங்கதான் அங்க நின்னவர். உங்க கண்ணால பார்த்ததைச் சொல்லுங்க, நாங்க ஒத்துக்கிறோம்" என்றார் தையல்காரரின் அண்ணன்.

எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். தகட்டின் ஓரத்தைப் பற்றி இன்னொரு தடவை விளக்கலாம் என்று வாய் வரை வந்தது.

"தகடு திரும்பிடுச்சுன்னு எனக்கு நிச்சயம்" என்றார். "ஆனா கண்ணால பார்த்ததைக் கேட்டா, எனக்கு ஞாபகமே இல்லங்க. நான் வெளிச்சத்தைப் பார்த்தேன், நிழலைப் பார்த்தேன், லென்ஸைத் திறந்து பத்து வரைக்கும் எண்ணினேன். உங்க வீடுங்க எந்தப் பக்கம்னு பார்க்கவே இல்ல. மன்னிச்சிடுங்க."

யாரும் அவரைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது. "பாவம், அவர் என்ன பண்ணுவார்" என்று யாரோ சொன்னது ரொம்ப நேரம் காதில் நின்றது.

கூட்டம் முடிவுக்கு வராமலே கலைந்தது. சலவைக்காரம்மாவும் பைண்டரும் சாமான்களைச் சாலையின் குறுக்கே தூக்க ஆரம்பித்தார்கள். கூப்பிடாமலே படக்காரர் மேல்சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு ஒரு கை கொடுத்தார். அட்டைகளை அள்ளிக்கொண்டு இந்தப் பக்கம் வந்தால், மருமகள் வெள்ளாவிப் பானையைப் பிடித்துக்கொண்டு எதிரே வருகிறாள். அவள் மாமியாரைப் பார்க்காமல் போய்க்கொண்டிருந்தாள். நாலாவது நடையில் நின்று, "அத்தை, அந்தக் கொடிக் கயிறை எங்க கட்டலாம்?" என்று கேட்டாள். மாமியார் கொஞ்சம் காக்க வைத்துவிட்டு, "உனக்கு எது தோதுன்னு படுதோ அங்க கட்டு. எனக்குத்தான் மறதியாச்சே" என்றாள். மருமகள் பல்லைக் கடித்துக்கொண்டு கயிற்றைக் கட்டினாள். சரியான இடத்தில்தான் கட்டினாள்.

அந்த வாரத்துக்குள் தையல்காரரின் அண்ணனும் எதிரே இருந்த பொத்தான் கடைக்காரரும் மாற்றிக்கொண்டார்கள். அண்ணன் போன பிறகும் அடுத்த வீட்டிலிருந்த தையல்காரர் நகரவில்லை. மற்றவர்களும் இருந்த இடத்திலேயே இருந்தார்கள், சிலர் வெயிலுக்காக, சிலர் பழைய படத்தின் மேல் வைத்த நம்பிக்கையால், சிலர் மறுபடியும் சாமான் தூக்கும் அலுப்பால். அலுவலக ஏட்டில் எல்லோரும் எழுதிய இடத்திலேயே இருக்கிறார்கள். திறப்பு விழாவுக்குப் போட்ட புத்தகத்திலும் திரும்பிய படம்தான் வந்தது. கீழே ஒரு வரி சேர்க்கலாமா என்று படக்காரர் போய்க் கேட்டார். சந்தின் பெயருக்கு மட்டும்தான் இடம் விட்டிருக்கிறது என்று சொன்னார்கள்.

இடிக்கப் போகும் தெருக்களின் அடுத்த பட்டியல் வந்தபோது அவர் அதை இரண்டு நாள் பிரிக்காமலே வைத்திருந்தார். மூன்றாம் நாள் காலை மனைவி பிரித்துப் படித்தார். பதினொரு தெரு. முதல் தெருவில் ஒரு பள்ளிக்கூடம், ஒரு தச்சுப் பட்டறை, இருபது வீடுகள்.

"தகடு ஏத்தி வைக்கட்டுமா?" என்று கேட்டார்.

"ஏத்து. ஏத்திட்டு நீயும் வா."

"நான் எதுக்கு அங்க? தகட்டைச் சரிபார்க்கவா, உங்களைச் சரிபார்க்கவா?"

படக்காரர் செருப்பை மாட்டிக்கொண்டே யோசித்தார்.

"எனக்கே தெரியல" என்றார். "நான் துணிக்குள்ள இருக்கும்போது யாராவது ஒருத்தர் தெருவைப் பார்த்துக்கிட்டு நின்னா நல்லா இருக்கும்னு தோணுது."

மனைவி ஒரு நிமிடம் அவரை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு அடுப்பை அணைத்துவிட்டு இருட்டறைக்குள் போனார்.